எரிக்கக் கேட்ட சவுனா

1953 ஜூலை 6, திங்கள்

சினிமாக்காரர்கள் வந்துவிட்டார்கள். இரண்டு லாரி, ஒரு கார், ஒரு பழைய பஸ். ஹெல்சிங்கியிலிருந்து வருவதற்கு ஒரு நாள் முழுக்க ஆனதாம். பள்ளிக்கூடத்தில் தங்குகிறார்கள். இரண்டு வருஷத்துக்கு முன் அம்மாவுக்கு முதுகு பிடித்துக்கொண்டு, மாடு கறக்க ஆள் இல்லாமல், நான் விட்டுவிட்டு வந்த அதே பள்ளிக்கூடம். இப்போது என் பெஞ்சை வெளியே தூக்கிப் போட்டு, அதன்மேல் ஒரு நடிகை காலுறைகளைக் காயப்போட்டிருக்கிறாள்.

எழுத்தாளர் ரெகோலா மட்டும் எங்கள் வீட்டுப் பின்னறையில் தங்குகிறார். எழுதுவதற்குச் சத்தமில்லாத வீடு வேண்டுமாம். அதற்கு எங்கள் வீட்டைவிடப் பொருத்தமான வீடு ஊரிலேயே இல்லை. அப்பா பேசமாட்டார். அம்மா தேவைக்குத்தான் பேசுவாள். எனக்கு வெளியாள் யாரையாவது பார்த்தால் நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொள்ளும்.

அவருடைய முதல் நாவலைத்தான் இப்போது படமாக எடுக்கிறார்கள். சினிமாவுக்குக் கதை வசனமும் அவரே. அந்த நாவலை நான் இரண்டு முறை படித்திருக்கிறேன். ஒரு குத்தகைக் குடும்பம், அவர்களை வெளியேற்றும் நிலக்காரன். அதில் வருகிறவர்கள் எங்களைப் போலவே உருளைக்கிழங்கும் உப்பு மீனும் தின்கிறார்கள், எங்களைப் போலவே மூக்கைச் சிந்துகிறார்கள். எழுதியவர் மர அறுவை மில்லில் வேலை பார்த்தவர், பள்ளிக்கூடத்தைப் பாதியில் விட்டவர் என்று பின்னட்டையில் போட்டிருந்தது. அந்த வரியை மட்டும் பல முறை படித்திருக்கிறேன்.

ஜூலை 7, செவ்வாய்

காப்பி கொண்டுபோய் வைத்தேன். "நன்றி" என்றார். ஓடி வந்துவிட்டேன்.

ஜூலை 9, வியாழன்

அவர் எழுதும் விதம் விசித்திரமாக இருக்கிறது. ஒரு பக்கம் எழுதுகிறார், எழுந்து நின்று உரக்கப் படிக்கிறார், பாதியை அடித்துவிடுகிறார். ஆண் பேசும்போது ஜன்னல் பக்கம் போகிறார், பெண் பேசும்போது அடுப்புப் பக்கம் வருகிறார். இரண்டு பேர் சண்டை போட்டால் அறையில் குறுக்கும் நெடுக்கும் நடந்து மூச்சு வாங்குகிறது. அம்மா மாவு பிசைந்துகொண்டே, "உள்ளே எத்தனை பேருடி?" என்றாள்.

இன்று என்னை நிறுத்தினார். "சைமி, ஒண்ணு கேக்கணும். புருஷன் வந்து, நம்மள வெளியேத்திட்டாங்கன்னு சொல்றான். அவ என்ன சொல்லுவா? நான் ஒரு பக்கம் எழுதி வெச்சிருக்கேன். எல்லாம் நாடகம் மாதிரி இருக்கு."

தரையைப் பார்த்துக்கொண்டு நின்றேன். அம்மாவை நினைத்துக்கொண்டேன். "பூட்ஸைக் கழட்டிட்டு உள்ள வாங்கன்னு சொல்லுவா" என்றேன்.

ஒரு பக்கம் முழுவதையும் கோடு போட்டு அடித்தார். அந்த ஒரு வரியை மட்டும் எழுதிக்கொண்டார். "உனக்குக் காது இருக்கு" என்றார்.

சாயங்காலம் நீல ரவிக்கையின் காலரைத் தைத்தேன். எப்படியும் தைக்கவேண்டியதுதான், கிழிந்து ரொம்ப நாளாகிறது.

ஜூலை 12, ஞாயிறு

நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

மதியம் காப்பிக்கு ரெகோலா மேசையில் உட்கார்ந்திருந்தார். எதிரில் அப்பா. அம்மா மாட்டுக் கொட்டகையில் இருந்தாள். நான் ஏலக்காய் ரொட்டி நறுக்கிக்கொண்டிருந்தேன்.

"ஒஸ்காரி, உங்க சவுனாவைப் பார்த்தேன்" என்று அப்பாவிடம் ஆரம்பித்தார். "அந்தக் காலத்துப் புகை சவுனா. எத்தனை வருஷத்துக் கரி! இப்ப இந்த மாதிரி எங்கேயும் கிடைக்காது."

ஏரிக்கரையில் இருக்கும் எங்கள் நீராவிக் குளியல் குடிலைத்தான் சொன்னார். அப்பா தலையை ஆட்டினார்.

"படத்தோட முடிவுல குத்தகைக்காரன் வெளியேறும்போது தன் சவுனாவைத் தானே கொளுத்துறான். பலகையை வெச்சு ஜோடிச்சு எரிச்சா, பொய்னு தெரிஞ்சுடும். போன படத்துல அப்படிப் பண்ணிச் சிரிப்பாச் சிரிச்சாங்க. உங்களோடதை எரிக்கக் குடுப்பீங்களா? செப்டம்பர்ல புதுசா கட்டித் தர்றோம். புகைபோக்கியெல்லாம் வெச்சு."

அப்பா ஒன்றும் சொல்லவில்லை. காப்பியைத் தட்டில் ஊற்றினார். குடிக்கவில்லை. ஒரு ஈ சர்க்கரைக் கிண்ணத்தைச் சுற்றி வந்தது. நான் கத்தியை ரொட்டியின் நடுவிலேயே நிறுத்தியிருந்தேன்.

எங்கள் ஊரில் விருந்தாளி கையில் காப்பிக் கோப்பை இருக்கும்போது யாரும் முகத்துக்கு நேரே 'முடியாது' என்று சொல்வதில்லை. பேசாமல் இருப்பார்கள். கேட்டவர் கொஞ்சம் பொறுத்திருந்துவிட்டு மழையைப் பற்றி ஏதாவது பேசுவார். அதோடு விஷயம் முடிந்தது. இருவருக்கும் மரியாதை.

ரெகோலா மழையைப் பற்றிப் பேசவில்லை. எழுந்தார். மேசைமேல் சும்மா கிடந்த அப்பாவின் வலது கையை எடுத்துக் குலுக்கினார். "ரொம்ப நன்றி, ஒஸ்காரி. இந்த உதவியை மறக்கமாட்டேன்." வெளியே போய்விட்டார்.

அப்பா தன் கையையே பார்த்துக்கொண்டிருந்தார், அது யாருடையதோ என்பது போல.

ஜூலை 13, திங்கள்

இருபத்தைந்தாம் தேதி சனிக்கிழமை கொளுத்தப்போகிறார்களாம். அம்மாவுக்கு ஆகஸ்டு கடைசியில் குழந்தை பிறக்கும். இந்த இரண்டையும் யாராவது சேர்த்துப் பார்த்தார்களா?

அது என்ன விறகுக் குவியலா? நான் அங்கேதான் பிறந்தேன். இந்த ஊரில் என் வயதுப் பிள்ளைகள் எல்லோரும் அவரவர் வீட்டு சவுனாவில்தான் பிறந்தார்கள். வெதுவெதுப்பான இடம், கரி படிந்த சுத்தமான இடம், வெந்நீர் பக்கத்திலேயே. செத்தவர்களையும் அங்கேதான் குளிப்பாட்டுகிறோம். மூன்று வருஷத்துக்கு முன் அம்மா பிரசவத்துக்கு நகரத்து ஆஸ்பத்திரிக்குப் போனாள். குழந்தை உயிரோடு பிறக்கவில்லை. யார் மேலும் தப்பில்லை என்றார்கள். அம்மாவும் யாரையும் குறை சொல்லவில்லை. ஆனால் தம்பிக்காகப் பின்னிய போர்வையை வெறுமையாக மடியில் வைத்துக்கொண்டு பஸ்ஸில் தனியாக வந்தாள். இந்த முறை வீட்டைவிட்டு நகரமாட்டேன் என்று சொல்லிவிட்டாள். ஊர் மருத்துவச்சியும் சவுனாவுக்கே வருவதாகச் சம்மதித்திருக்கிறாள்.

செப்டம்பரில் கட்டுவார்களாம். அதுவரை குழந்தையைக் காத்திருக்கச் சொல்வார்களா?

விஷயத்தைக் கேட்டதும் அம்மா பால் கேன்களைக் கழுவினாள். கழுவியதையே திரும்பக் கழுவினாள்.

ஜூலை 15, புதன்

இன்று சொல்லிவிடுவது என்று போனேன். அம்மாவைப் பற்றி, குழந்தையைப் பற்றி, எல்லாவற்றையும் வாக்கியமாகவே மனப்பாடம் செய்திருந்தேன். கதவைத் தட்டினேன். அவர் நிமிர்ந்து பார்த்தார்.

"சர்க்கரை போடவா?" என்று கேட்டேன்.

அவர் சர்க்கரை போட்டுக்கொள்வதே இல்லை. எனக்கு அது தெரியும். என்னை நானே அறைந்துகொள்ளலாம் போல இருந்தது.

ஜூலை 16, வியாழன்

புல் காயவைக்கக் கழிகளை நட்டுக்கொண்டிருந்த அப்பாவிடம் போனேன்.

"அப்பா, வேண்டாம்னு சொல்லிடுங்க."

"கை குடுத்துட்டேன்."

"நீங்க எங்க குடுத்தீங்க? அவர்தான் எடுத்தார்."

அப்பா கழியை ஓங்கி அடித்தார். அது ஆழமாக இறங்கியது. "பெரிய மனுஷன்கிட்ட அதையெல்லாம் எப்படிப் பிரிச்சுச் சொல்றது?" என்றார். அப்பா இந்த மாதத்தில் பேசிய மிக நீளமான வாக்கியம் அதுதான்.

எனக்கு அப்பா மேல்தான் முதலில் கோபம் வந்தது. பிறகு, அவர் அடுத்த கழிக்குக் குழி போடாமல் வெறுமனே நின்றதைப் பார்த்ததும், அந்தக் கோபமும் போக இடம் தெரியாமல் என்னிடமே திரும்பிவிட்டது.

அப்பாவுக்குச் சம்மதமில்லை என்பது ரெகோலாவுக்குத் தெரிந்திருக்காது என்று நினைக்கிறேன். தெரிந்தால் செய்யமாட்டார். அந்த நாவலின் முதல் அத்தியாயமே ஒரு சவுனாவில்தான் ஆரம்பிக்கிறது. தாய் வைக்கோல்மேல் படுத்திருக்கிறாள், மேலே கரி படிந்த கூரை. அவரும் அப்படித்தான் பிறந்தாராம், இயக்குநரிடம் சொல்லிக்கொண்டிருந்தார். அப்படிப் பிறந்தவருக்கு யாராவது எடுத்துச் சொன்னால் போதும்.

ஜூலை 19, ஞாயிறு

தெரியும். அவருக்கு எல்லாம் தெரியும்.

ஏரியில் துணி அலசிக்கொண்டிருந்தேன். புதருக்கு அந்தப் பக்கம் படகுத்துறையில் இயக்குநர் பால்ம்ரோத்தும் ரெகோலாவும் காலைத் தண்ணீரில் விட்டு உட்கார்ந்திருந்தார்கள். நான் இருப்பது அவர்களுக்குத் தெரியாது.

"களஞ்சியம் ஒண்ணு பாழாக் கிடக்கு, அதைக் கொளுத்திட்டுப் போவோம்யா" என்றார் பால்ம்ரோத். "நெருப்பு பிடிச்சா எல்லாம் ஒண்ணுதான்."

"சவுனாதான் எரியணும்."

"அந்தக் குடியானவர் மூஞ்சியைப் பார்த்தியா? பல்லைப் பிடுங்கின மாதிரி இருக்காரு. மனசாரத்தான் சரின்னாரா?"

"இல்ல. வேண்டாம்னுதான் சொன்னார்" என்றார் ரெகோலா.

"எப்போ?"

"பேசாம இருந்தாரே, அதான். எங்கப்பாவும் இப்படித்தான். இந்த ஆளுங்களுக்கு இன்னும் அரை நிமிஷம் குடுத்தா வேண்டாம்னு முடிஞ்சுடும். குடுக்கக் கூடாது. அதுக்குள்ள கையைப் பிடிச்சுடணும்."

பால்ம்ரோத் சிரித்தார். "உன் கதையில வர்ற நிலக்காரன் மாதிரியே பேசுறே."

"அவனையும் நான்தானே எழுதினேன்."

இருவரும் சிரித்தார்கள். எனக்குக் காதெல்லாம் சுட்டது. அப்பாவின் மேலங்கியை அப்படி முறுக்கிப் பிழிந்தேன், ஒரு பொத்தான் தெறித்து ஏரிக்குள் போய்விட்டது.

எங்களைப் பற்றி அவருக்குத் தெரியாமல் இருந்திருந்தால் மன்னித்திருப்பேன். எங்களை இவ்வளவு நன்றாகத் தெரிந்து வைத்திருப்பது இதற்குத்தானா? எங்கே தட்டினால் கதவு திறக்கும் என்று பார்த்து வைத்துக்கொள்ளத்தானா? பூட்ஸைக் கழட்டச் சொன்ன அந்த வரியைத் திருப்பித் தரச்சொல்ல முடிந்தால் நன்றாக இருக்கும்.

மதியக் காப்பிக்குக் காலையில் கொதித்த சக்கையையே மறுபடி கொதிக்கவைத்துக் கொடுத்தேன். குடித்துவிட்டு நன்றாக இருக்கிறது என்றார். அதற்கும் ஆத்திரம்தான் வந்தது.

ஜூலை 22, புதன்

ஹெல்மி வந்திருந்தாள். சவுனாவில் உட்காரவைத்து, கொம்பு வைத்துக் கெட்ட ரத்தம் உறிஞ்சி எடுப்பவள். ஊரில் எல்லாப் பெண்களின் முதுகும் அவளுக்குத் தெரியும். வாய் நிற்காது. இந்த ஊர் முழுக்கப் பேசாமல் மிச்சம் பிடித்ததையெல்லாம் அவள் ஒருத்தியே பேசித் தீர்க்கிறாள்.

"ஏண்டி மார்த்தா, சனிக்கிழமையா கொளுத்துறாங்க?" என்று அம்மாவைக் கேட்டாள். "சனிக்கிழமை சவுனா நாளாச்சே! அன்னிக்கு நான் எங்க போய்க் குளிக்கிறது? அந்த இயக்குநரோட மடியிலயா?"

அம்மா சிரித்துவிட்டாள். பிறகு, "அவர் கை குடுத்துட்டார்" என்றாள்.

"அவன் தன் கையைத்தானே குடுத்தான். நீ குடுத்தியா?"

அம்மா அவளுக்குக் காப்பி ஊற்றினாள்.

"வேற நாள் வைக்கச் சொல்லேன்."

"முடியாதாம். தீயணைப்பு வண்டி சனிக்கிழமை மட்டும்தான் வருமாம். வண்டி இல்லாம கொளுத்த அனுமதி இல்லையாம். திங்கக்கிழமை அவங்க கிளம்பணும்."

"ஓகோ" என்றாள் ஹெல்மி. காப்பியை உறிஞ்சினாள். அம்மாவைப் பார்க்கவில்லை, என்னைப் பார்த்தாள். "அப்ப, ஒரே ஒரு நாள்தான்."

நான் எழுந்து பாத்திரம் கழுவப் போனேன். பெண்கள் உள்ளே குளித்துக்கொண்டிருக்கும் சவுனாவை எந்த ஆண் நெருங்குவான்? சினிமாக்காரனாக இருந்தால்கூட?

ஜூலை 24, வெள்ளி

பால் கறந்த பிறகு ஆல்டர் விறகைச் சுமந்து சவுனா வாசலில் அடுக்கினேன். ரெகோலா பார்த்து, "நாளைக்கு நல்லா எரியறதுக்கா? கெட்டிக்காரி" என்றார். நான் தலையைக் குனிந்துகொண்டேன். அதையும் ஆமாம் என்று எடுத்துக்கொண்டார்.

அப்பாவும் பார்த்தார். எதற்கு என்று கேட்கவில்லை. கோடாரியை எடுத்துப் பெரிய கட்டைகளைப் பிளந்து கொடுத்தார். பிறகு, நாளை முழுவதும் தூரத்து வயலில் வேலை இருப்பதாகச் சொன்னார். அந்த வயலில் போன வாரமே அறுத்து முடித்தாகிவிட்டது.

ஜூலை 25, சனி

புகை சவுனா சூடேற அரை நாள் வேண்டும். புகைபோக்கி கிடையாது. கல்லடுப்பில் விறகு எரியும், புகை உள்ளேயே சுற்றிக் கதவு வழியாகவும் மேல் ஓட்டை வழியாகவும் போகும். எரிந்து முடிந்து, புகையை வெளியேற்றி, கரியைக் கழுவிவிட்ட பிறகுதான் உள்ளே போகவேண்டும். கல் அதற்குப் பிறகும் இரவு வரை சூடாக இருக்கும்.

காலையில் நானே பற்றவைத்தேன்.

சினிமாக்காரர்கள் காமிராவைத் தூக்கிக்கொண்டு வந்தபோது புகை நன்றாக எழுந்துகொண்டிருந்தது. "அட, பிரமாதமான புகை!" என்றார் பால்ம்ரோத். கதாநாயகன் தீப்பந்தத்தோடு நடந்து பழகினான். பெட்ரோல் டின்களைச் சுவரோரம் வைத்தார்கள். தீயணைப்பு வண்டி வந்தது. அதில் வந்த நான்கு பேரும் பக்கத்து ஊர்க்காரர்கள்தான். காமிராவுக்கு வெளிச்சம் மூன்று மணிக்கு மேல்தான் சரியாக இருக்குமாம், எல்லோரும் காத்திருந்தார்கள். நான் மதியம் வரை விறகு போட்டுவிட்டு, புகையை வெளியேற்றிக் கரியைக் கழுவினேன். யாரும் என்னிடம் ஒன்றும் கேட்கவில்லை. என்னைப் போன்ற பெண்ணிடம் யாரும் எதுவும் கேட்பதில்லை. அது இன்று நல்லதாகப் போயிற்று.

இரண்டு மணிக்கு அம்மா வீட்டிலிருந்து வந்தாள். தோளில் துண்டு, கையில் குளிக்கும்போது உடம்பில் அடித்துக்கொள்ளும் பிர்ச் இலைக் கொத்து. வயிற்றைப் பிடித்துக்கொண்டு காமிராவுக்கு முன்னால் மெதுவாக நடந்தாள். பின்னால் ஹெல்மி. அவளுக்குப் பின்னால் பாதிரியார் வீட்டு வேலைக்காரி, கடைக்காரர் மனைவி, கீழ்க்கரை வீட்டு அக்கா தங்கை இருவரும். எல்லோர் தோளிலும் துண்டு. ஹெல்மி ஊர் முழுக்க நடந்திருக்கிறாள் என்று அப்போதுதான் தெரிந்தது.

"என்னம்மா இது, எங்க போறீங்க?" என்றார் பால்ம்ரோத்.

"குளிக்க" என்றாள் ஹெல்மி. "சனிக்கிழமை. உங்க ஊர்ல குளிக்கமாட்டாங்களா? வாசனையிலயே தெரியுது."

நானும் உள்ளே போய்க் கதவைச் சாத்தினேன்.

அந்த இருட்டில் முதலில் ஒன்றும் தெரியவில்லை. பிறகு ஒவ்வொரு முதுகாகத் தெரிந்தது. ஹெல்மி கல்மேல் ஒரு கரண்டி தண்ணீர் ஊற்றினாள். ஆவி எழும்பி எல்லோர் தோளிலும் இறங்கியது. அம்மா கண்ணை மூடி, கரிச் சுவரில் உள்ளங்கையை வைத்துக்கொண்டாள். வெளியே பால்ம்ரோத் கத்துவது கேட்டது. தீயணைப்பு வண்டிக்காரர்களைப் போய்க் கதவைத் தட்டச் சொன்னார்.

"அதெப்படிங்க" என்றது ஒரு குரல். "உள்ள என் அத்தை இருக்கு."

பலகை இடுக்கு வழியாகப் பார்த்தேன். நான்கு பேரும் தொப்பியைக் கழற்றிவிட்டுச் சவுனாவுக்கு முதுகைக் காட்டிப் புல்லில் உட்கார்ந்துவிட்டார்கள். ஒருவர் ரொட்டியை எடுத்துப் பிரித்தார்.

கொஞ்ச நேரத்தில் கதவுக்கு வெளியே ஒரு இருமல். ரெகோலா. கதவைத் தொடவில்லை, அந்த வழக்கம் அவருக்குத் தெரியும்.

"மார்த்தாம்மா, இன்னும் எவ்வளவு நேரம் ஆகும்?"

அம்மா ஒன்றும் சொல்லவில்லை.

"மார்த்தாம்மா?"

ஹெல்மிகூட வாயைத் திறக்கவில்லை. ஆறு பெண்கள், நான் ஏழாவது. எல்லோரும் பேசாமல் இருந்தோம். நான் கரண்டியை எடுத்துக் கல்மேல் ஊற்றினேன். அது சீறி அடங்கியது. வெளியே அவர் நிற்பது கதவடியில் விழுந்த நிழலில் தெரிந்தது. இந்த முறை பிடிப்பதற்கு அவருக்கு எந்தக் கையும் கிடைக்கவில்லை.

"சாயங்காலம் மேகம் போடும்போல இருக்கு" என்றார் கடைசியில். போய்விட்டார்.

உள்ளே குளித்தோம், ஏரியில் இறங்கினோம், மறுபடி உள்ளே போனோம். புதிது புதிதாகப் பெண்கள் வந்துகொண்டே இருந்தார்கள். ஆறு மணிக்கு நிஜமாகவே மேகம் போட்டது. ஏழு மணிக்குத் தீயணைப்பு வண்டி கிளம்பிவிட்டது.

அப்பா இருட்டுவதற்குள் வயலிலிருந்து வந்தார். சூடு இருக்கிறதா என்று கேட்டார். இருக்கிறது என்றேன். துண்டை எடுத்துக்கொண்டு போனார்.

ஜூலை 26, ஞாயிறு

அந்தப் பாழ்க் களஞ்சியத்தைத் தண்ணீர் வாளிகளை அடுக்கிவைத்துக்கொண்டு, யாரிடம் கேட்டார்களோ, சத்தமில்லாமல் கொளுத்திப் படம் எடுத்துக்கொண்டார்கள். பால்ம்ரோத்துக்குத் திருப்தியாம். நான் போய்ப் பார்க்கவில்லை.

ஜூலை 27, திங்கள்

கார் வாசலில் நின்றது. ரெகோலா பெட்டியை வைத்துவிட்டுத் திரும்பி வந்தார். நான் கிணற்றடியில் பால் கேன் அலசிக்கொண்டிருந்தேன். அவருக்கு என்மேல் கோபம் இருக்கும் என்று நினைத்தேன். இல்லை. கண் பளபளவென்று இருந்தது. அதைப் பார்த்துத்தான் பயந்தேன்.

"சைமி, விறகு அடுக்கினது நீதானே? நான் அதைக்கூடப் புரிஞ்சுக்கல பாரு." சிரித்தார். "இருபது வருஷமா எழுதுறேன், இப்படி ஒரு காட்சி என் மூளையில வந்ததே இல்ல. இதை எழுதணும். சினிமாவுக்கு இல்ல, அடுத்த நாவலுக்கு. உங்கம்மா நடந்து வந்தது, ஹெல்மி, புல்லுல முதுகைக் காட்டி உக்காந்த ஆளுங்க, உள்ளேயிருந்து வந்த அந்த அமைதி. பேரையெல்லாம் மாத்திடறேன். நீதான் அதுல முக்கியமா வருவே. எழுதலாமா?"

வழக்கம்போல நாக்கு ஒட்டிக்கொண்டது. கேனுக்குள் பார்த்துக்கொண்டு நின்றேன். நானும் ஒரு புத்தகத்தில் இருப்பேன் என்ற நினைப்பு ஒரு நொடி எப்படி இருந்தது என்று இங்கே எழுதமாட்டேன்.

அவர் உதட்டோரம் மேலே போவது தெரிந்தது. "சரி, அப்போ..." என்று ஆரம்பித்தார்.

"கூடாது" என்றேன்.

அது என் குரல்தானா என்று எனக்கே சந்தேகமாக இருந்தது. அவரும் திகைத்துப் போய், "என்ன சொன்னே?" என்றார்.

"கூடாது. எழுதக் கூடாது." இந்த முறை கொட்டகை வாசலில் நின்ற அம்மாவுக்கும், காரில் இருந்த டிரைவருக்கும் கேட்கும்படி சொன்னேன்.

"ஏன்?" என்றார். கோபமாகக் கேட்கவில்லை. உண்மையாகவே தெரிந்துகொள்ளத்தான் கேட்டார். கை தானாகச் சட்டைப்பையில் இருந்த பென்சிலைத் தேடிப் போயிற்று.

நான் காரணம் சொல்லவில்லை. சொன்னால் அதையும் எழுதிக்கொள்வார்.